நடிகையும் ஒரு தொழிலாளியே

அண்மையில் நண்பர்கள் சிலர் கூடி, பெர்னாடோ பெர்ட்டொலுச்சியின் 'நொவெச்சென்தோ' என்னும் இத்தாலியத் திரைப்படத்தைப் பார்த்தோம். 1976ஆம் ஆண்டு வெளிவந்த அப்படம் ஐந்து மணி நேரத்துக்கு மேல் ஓடுவது. இருபதாம் நூற்றாண்டின் முற்பாதியில் எமீலியாப் பகுதி விவசாயிகள் நிலவுடைமையாளரையும் பாசிசத்தையும் எதிர்த்து நடத்திய போராட்டமே அதன் பொருள். படம் முடிந்ததும் அங்கிருந்த மாணவி ஒருவர், "இந்த நெறியாளர்தானே மரியா ஷ்னைடரை ஏமாற்றிப் படம் பிடித்தவர்?" என்று வினவினார். இலக்கிய ஈடுபாடும் இடதுசாரி நாட்டமும் உடைய நண்பரொருவர் உடனே விடையிறுத்தார்: "செங்கொடியைப் பற்றிப் பேசுமிடத்தில் ஒரு நடிகையின் சொந்த மனக்குறையை எதற்காக இழுக்கிறீர்கள்? கலை வேறு, கலைஞன் வேறு."

மாணவி மேலும் பேசவில்லை. கூட்டமும் கலைந்தது. ஆனால் அந்த விடையை அப்படியே விட்டுவிட என்னால் இயலவில்லை. ஏனெனில் அது நண்பர் ஒருவரின் தனிக்கருத்து அன்று. முற்போக்காளர் எனத் தம்மைக் கூறிக்கொள்வோர் பலர், தொழிற்சாலை வாயிலில் ஒரு நீதியையும் கலைக்கூடத்தின் வாயிலில் வேறொரு நீதியையும் கடைப்பிடித்து வருகின்றனர் என்பதற்கு அது சான்று. மரியா ஷ்னைடரின் வாழ்வில் நிகழ்ந்தது சொந்த மனக்குறை அன்று. அது தொழிலாளி ஒருவரின் உரிமை பறிக்கப்பட்ட வரலாறு. அதனை அவ்வாறு நோக்க மறுப்பவர் எத்துணை செங்கொடிகளைத் திரையிற் கண்டு கைதட்டினாலும் உழைப்பைப் பற்றிய அடிப்படைப் பாடத்தைக் கற்றவராகார். இதனை நிறுவுவதே இக்கட்டுரையின் நோக்கம்.

முதலில் அவர் யார் என்று பார்ப்போம். அவர் நடித்த ஒரு படத்தின் பெயரை உலகம் அறியும். அவரை அறிந்தோர் சிலரே. மரியா ஷ்னைடர் 1952ஆம் ஆண்டு மார்ச் 27ஆம் நாள் பாரிஸ் நகரிற் பிறந்தவர். தந்தை டானியேல் ஜெலேன், பிரெஞ்சுத் திரையுலகிற் புகழ்பெற்ற நடிகர். அவர் வேறொரு பெண்ணை மணந்திருந்தவர். இம்மகளை அவர் தம் பெயரால் ஏற்றுக்கொள்ளவில்லை. ஆகவே மரியா தாயின் குடும்பப் பெயரையே தாங்கினார். பதினைந்தாவது வயதில் வீட்டைவிட்டு வெளியேறினார். தந்தையை அறிந்திருந்த நடிகை பிரிஜித் பார்தோ தம் இல்லத்தில் அவருக்கு இடமளித்தார். படக்கூட்டங்களில் முகம் தெரியாத துணைநடிகையாகவும், 1970இல் 'மட்லி', 1972இல் ரொஜே வதிமின் 'எல்லே' முதலிய படங்களிற் சிறு வேடங்களிலும் தோன்றினார். நாடகப் பள்ளியின் பயிற்சியோ, பின்னே நின்று தாங்கும் குடும்பமோ, தொழிலின் சட்டதிட்டங்களை எடுத்துரைக்கும் அனுபவமோ அவருக்கு இருக்கவில்லை. தொழிற்சந்தைக்குத் தன் உழைப்பைத் தவிர வேறெதுவும் கொண்டுவராத ஓர் இளம்பெண் அவர்.

இந்நிலையிற்றான் 'பாரிசில் கடைசி டாங்கோ' என்னும் படத்தின் கதாநாயகி வேடம் அவரை வந்தடைந்தது. முதலில் அவ்வேடத்துக்கு எண்ணப்பட்டவர் டொமினிக் சாண்டா. அவர் கருவுற்றிருந்தமையால் வேறொருவரைத் தேடினர். 1972ஆம் ஆண்டின் தொடக்கத்திற் படப்பிடிப்பு நடந்தபோது மரியாவுக்கு வயது பத்தொன்பது. உடன் நடித்த மார்லன் பிரண்டோவுக்கு நாற்பத்தேழு, உலகமறிந்த நட்சத்திரம். நெறியாளர் பெர்ட்டொலுச்சிக்கு முப்பது. 'த கன்போமிஸ்ட்' என்னும் படத்தால் ஐரோப்பா முழுவதும் பெயர் பெற்றிருந்தவர். இம்மூவரும் ஒரே அறையில் நின்றபோது யாருக்கு எவ்வளவு அதிகாரம் இருந்தது என்பதை விளக்க வேண்டியதில்லை.

படத்தில் வல்லுறவுக் காட்சி ஒன்று உண்டு. அது நடிப்பே, உண்மையான உடலுறவு நிகழவில்லை. இதனை மரியாவே தெளிவாகக் கூறியிருக்கிறார். பின்னாளிற் பரவிய மிகைக் கதைகளைத் தள்ளிவிட்டே நாம் வாதாட வேண்டும். உண்மையே போதுமான குற்றச்சாட்டு. நிகழ்ந்தது இதுதான்: படப்பிடிப்பு நாளின் காலையில் நெறியாளரும் பிரண்டோவும் உணவு உண்ணும்போது, வெண்ணெயை அக்காட்சியில் எவ்வாறு பயன்படுத்துவதென்று தமக்குள் முடிவு செய்தனர். மரியாவிடம் அதனைக் கூறவில்லை. அந்தக் காட்சி தமக்குத் தரப்பட்ட எழுத்துப்படியில் இருக்கவில்லை என்பது மரியாவின் கூற்று. வன்முறை எழுத்துப்படியில் இருந்தது, வெண்ணெய் மட்டுமே புதிது என்பது 2016ஆம் ஆண்டு பெர்ட்டொலுச்சி அளித்த விளக்கம். இருவர் கூற்றும் ஓரிடத்தில் ஒன்றுபடுகின்றன. தன் உடல்மீது என்ன செய்யப்படப்போகிறது என்பதை அந்தப் பெண் அறியாதவாறு வேண்டுமென்றே மறைத்தார்கள்.

ஏன் மறைத்தார்கள்? 2013ஆம் ஆண்டு அளித்த பேட்டியில் பெர்ட்டொலுச்சியே காரணம் சொன்னார். நடிகையாக அன்றி ஒரு பெண்ணாகவே அவர் எதிர்வினை காட்ட வேண்டும் என்று விரும்பினாராம். இழிவையும் சினத்தையும் நடித்துக் காட்டாமல் உண்மையாகவே உணர வேண்டும் என்று விரும்பினாராம். தமக்குக் குற்றவுணர்வு உண்டு, ஆனால் வருந்தவில்லை என்றும் கூறினார். அக்காட்சியில் தாம் வடித்த கண்ணீர் உண்மைக் கண்ணீர் என்றும், தாம் இழிவுபடுத்தப்பட்டதாகவும், இருவராலும் ஓரளவு வல்லுறவுக்கு ஆளானதாகவே உணர்ந்ததாகவும் மரியா 2007ஆம் ஆண்டிற் கூறினார். அவர் சொன்னபோது உலகம் அதிகம் செவிசாய்க்கவில்லை. ஆறாண்டு கழித்து நெறியாளர் அதையே சொன்னார். மேலும் மூன்றாண்டு கழித்து, 2016இல், அது உலகச் செய்தியாயிற்று. அப்போது மரியா உயிரோடு இல்லை. பாதிக்கப்பட்டவர் கூறினாற் புலம்பல், செய்தவர் கூறினாற் சான்று என்பது பழைய நிலவுடைமை நீதிமன்றத்தின் அளவுகோலன்றி வேறென்ன?

நெறியாளர் சொன்ன காரணத்தைச் சற்று ஆராய்வோம். "நடிகையாக அன்றிப் பெண்ணாக" என்ற அத்தொடரிலே அவருடைய கலைக்கொள்கை முழுவதும் அடங்கியிருக்கிறது. நடிப்பென்பது ஓர் உழைப்பு. பயிற்சியாலும் சிந்தனையாலும் உடலாலும் உருவாக்கப்படும் ஒரு பொருள். உணர்ச்சிவசப்படுபவன் சிறந்த நடிகனல்லன், உணர்ச்சியை அறிந்து அளந்து படைப்பவனே சிறந்த நடிகன் என்று பிரெஞ்சு நாட்டின் டிடரோ பதினெட்டாம் நூற்றாண்டிலேயே வாதாடினார். நடிகன் பாத்திரத்துக்கு வெளியே நின்று அதனை விளக்கிக் காட்ட வேண்டும் என்று பிரெக்ட் நமது காலத்துக்கு அண்மையில் எழுதினார். அவ்வளவு தொலைவுகூடச் செல்ல வேண்டியதில்லை. நமது கூத்துக் களரியில் திரௌபதை துகிலுரியப்படும்போது பார்த்திருக்கும் தாய்மார் கண்ணீர் வடிக்கின்றனர். அதற்காக எந்த அண்ணாவியாரும் திரௌபதை வேடம் பூண்டவரை உண்மையாகவே மானபங்கப்படுத்தியதில்லை. அவ்வாறு செய்திருந்தால் அவரை மேதை என்று ஊர் போற்றியிராது. களரியை விட்டே துரத்தியிருக்கும்.

ஆகவே பெர்ட்டொலுச்சி அன்று செய்தது நடிப்பை உயர்த்தியதன்று, நடிப்பை இல்லாதொழித்தது. மரியாவிடம் ஒரு கலைஞருக்குரிய வேலையைக் கேட்டிருந்தால், அவர் அதனைச் செய்து காட்டவோ செய்ய மறுக்கவோ வாய்ப்பு இருந்திருக்கும். கேட்கப்படாமையால் இரண்டும் இல்லாமற் போயின. பிரண்டோ நடிகராக நடத்தப்பட்டார். அவருக்கு முன்கூட்டியே கூறப்பட்டது. திட்டத்தில் அவரும் பங்காளி. மரியா மூலப்பொருளாக நடத்தப்பட்டார். மரத்திடம் அனுமதி பெற்றா தச்சன் உளி வைக்கிறான்? மனிதனைப் பொருளாக்கும் இந்த நோக்கையே நாம் முதலாளித்துவத்தின் இயல்பு என்று மேடைதோறும் கண்டிக்கிறோம். அதே நோக்கு ஒளிப்பதிவுக் கருவிக்குப் பின்னால் நின்றால் மட்டும் அதற்கு அழகியல் என்று பெயரா?

'கலை வேறு, கலைஞன் வேறு' என்னும் நண்பரின் சூத்திரம் இங்கே பொருந்தாது. கவிஞன் ஒருவன் தன் வீட்டில் தீயவனாக இருந்தும் நல்ல கவிதை எழுதியிருக்கலாம்; அவனுடைய தீமை அவனுடைய ஏட்டில் இல்லை. திரைப்படமோ பலருடைய உழைப்பால் ஒரு வேலைத்தளத்தில் உற்பத்தியாவது. அங்கே முதலீட்டாளர் உண்டு, மேற்பார்வையாளர் உண்டு, ஒப்பந்தம் உண்டு, வேலை நேரம் உண்டு, கூலி உண்டு. இங்கு நடந்த தவறு கலைஞனின் தனிவாழ்வில் நடந்ததன்று, உற்பத்தியின்போதே நடந்தது, உற்பத்திப் பொருளிற் பதிந்தும் இருக்கிறது. அதனைப் பிரித்துப் பார் என்பது, சுரங்கத் தொழிலாளி நசுங்கி இறந்ததை மறந்துவிட்டு நிலக்கரியின் ஒளியை மட்டும் பார் என்பது போலாகும்.

2007ஆம் ஆண்டுப் பேட்டியில் மரியா கூறிய மற்றொரு செய்தி எனக்கு அவருடைய கண்ணீரைக் காட்டிலும் முக்கியமாகத் தோன்றுகிறது. அன்றே தம் முகவரை அழைத்திருக்க வேண்டும், சட்டத்தரணியைப் படப்பிடிப்புத் தளத்துக்கு வரவழைத்திருக்க வேண்டும், எழுத்துப்படியில் இல்லாத ஒன்றைச் செய்யும்படி ஒருவரைக் கட்டாயப்படுத்த முடியாது, ஆனால் அது தமக்கு அப்போது தெரிந்திருக்கவில்லை என்று அவர் கூறினார். இது உடைந்துபோன உள்ளத்தின் அழுகையன்று. தொழிலாளி ஒருவரின் வாக்குமூலம். எழுத்துப்படியே ஒப்பந்தம், ஒப்பந்தத்துக்கு வெளியே வேலை வாங்க முதலாளிக்கு உரிமையில்லை, அதனை அறியாமையே தம்மைத் தனிமைப்படுத்தியது. இதைவிடத் தெளிவாக எந்தத் தொழிற்சங்கவாதி கூறிவிட முடியும்? ஆலை முதலாளி ஒருவன் இயந்திரத்தின் பாதுகாப்புக் கவசத்தைத் தொழிலாளிக்குத் தெரியாமற் கழற்றிவிட்டு, "அவன் உண்மையாக அஞ்ச வேண்டும் என்று விரும்பினேன்; குற்றவுணர்வு உண்டு, வருத்தமில்லை" என்று கூறினால் நமது நண்பர் அதனையும் சொந்த மனக்குறை என்பாரா?

பெர்ட்டொலுச்சி இத்தாலியக் கம்யூனிஸ்ட் கட்சியின் உறுப்பினர். 'டாங்கோ' ஈட்டிய பெரும் வருவாயும் புகழுமே 'நொவெச்சென்தோ' போன்றதொரு பெருஞ்செலவுப் படத்துக்கு அமெரிக்க நிறுவனங்களின் பணப்பெட்டிகளைத் திறந்துவிட்டன. இரு படங்களுக்கும் தயாரிப்பாளர் அல்பேர்தோ கிரிமால்டி ஒருவரே. 'டாங்கோ'வுக்காக நெறியாளரும் பிரண்டோவும் ஒஸ்கார் பரிசுக்குப் பரிந்துரைக்கப்பட்டனர். பிரண்டோ வசூலிலும் பங்கு பெற்றார். அடிப்படையான உழைப்பைத் தந்த பெண்ணுக்கு அவற்றின் முன்னே மிகச் சிறியதொரு கூலியே கிடைத்தது. உபரி மதிப்பு என்பதைப் பாடநூலிலே படித்த நாம், விவசாயிகளின் காவியத்தில் அசையும் செங்கொடிக்கான துணி யாருடைய உழைப்பிலிருந்து வாங்கப்பட்டது என்று ஒருமுறையேனும் கேட்டிருக்கிறோமா? அதே காவியத்தில் விவசாயப் போராளியாக நடித்த ஜெரார் தெபார்தியூ, 2021இல் நடந்த ஒரு படப்பிடிப்பின்போது உடன் பணிபுரிந்த இரு பெண்களைப் பாலியல் ரீதியாகத் தாக்கினார் என்று 2025 மே மாதம் பாரிஸ் நீதிமன்றம் தீர்ப்பளித்தது; அவர் மேன்முறையீடு செய்தார். திரையில் ஏந்திய கொடி வேலைத்தளத்து நடத்தைக்குப் பிணையாகாது.

இங்கே ஒரு தடை எழுப்பப்படலாம். "நீங்களும் ஒழுக்கவாதிகளோடு சேர்ந்துகொண்டு படத்தைக் கொளுத்தச் சொல்கிறீர்களா?" என்று சிலர் கேட்பர். இல்லை. அந்த ஒழுக்கவாதிகள் செய்ததையும் நினைவிற்கொள்ளல் வேண்டும். 1976 ஜனவரியில் இத்தாலியின் உயர் நீதிமன்றம் 'டாங்கோ'வை ஆபாசம் என்று தீர்த்து, பிரதிகளை அழிக்குமாறு பணித்தது. நெறியாளருக்கு ஒத்திவைக்கப்பட்ட சிறைத் தண்டனையும், ஐந்தாண்டுக்குக் குடியியல் உரிமைகளின் இழப்பும் விதித்தது. அத்தனை நீதிபதிகளும் சட்டத்தரணிகளும் கூடி ஆராய்ந்தது எதனை? பார்ப்போரின் வெட்கவுணர்வு புண்பட்டதா என்பதை. படத்தில் நடித்த பெண் புண்பட்டாரா என்பது வழக்கின் பொருளாகவே இருக்கவில்லை. ஒருபாலார் படத்தை ஆபாசம் என்றனர். மற்றொரு பாலார் அதனை விடுதலை என்றனர். 1972 ஒக்டோபரில் நியூயோர்க் விழாவிற் படத்தைக் கண்ட விமரிசகர் போலீன் கேல், அந்நாளைக் கலை வரலாற்றின் ஒரு திருப்புமுனையாகவே கொண்டாடினார். பிற்போக்கும் புரட்சியும் மோதிய அந்தப் பெரும் ஆரவாரத்தில் இரு பக்கத்தாரும் ஒன்றில் மட்டும் உடன்பட்டிருந்தனர். அந்தப் பெண்ணைக் கேட்க வேண்டியதில்லை என்பதே அவ்வொன்று. நமது எதிர்ப்பு தணிக்கையாளரின் எதிர்ப்பன்று. திரையில் உடல் தெரிந்தது நமக்குக் குற்றமன்று. இசைவு இல்லாமல் உழைப்பு பறிக்கப்பட்டதே குற்றம்.

இன்னொரு தடை: "அது அந்தக் காலம். இன்றைய அளவுகோலால் அன்றைய செயலை அளக்கலாமா?" வரலாற்றுணர்வு உள்ளவர் போலப் பேசுவோர் கூறும் வாதம் இது. ஆனால் வரலாறு இதற்கு மாறாகவே சான்று பகர்கிறது. நடிகை டெல்பின் செய்ரிக், கரோல் ருசோபுலோஸ் என்பவரின் துணையோடு, 1975-76இல் இருபதுக்கு மேற்பட்ட நடிகையரை நேரிற் கண்டு அவர்தம் தொழிலைப் பற்றிக் கேட்டு ஒளிப்பதிவு செய்தார். 1981இல் வெளிவந்த அந்த ஆவணப்படத்தின் பெயர் 'அழகாயிரு, வாயை மூடு' என்று பொருள்படும். அதில் மரியாவும் பேசுகிறார். சினிமா ஆண்களால் ஆண்களுக்காக ஆக்கப்படுவதையும், தமக்கு வரும் வேடங்கள் பெரும்பாலும் பைத்தியக்காரிகள் போன்றனவாக இருப்பதையும், தம் வயதொத்தாரோடு நடிக்க வாய்ப்புக் கிடைக்காமையையும் அவர் எடுத்துரைக்கிறார். அவருக்கு அப்போது இருபத்துமூன்று வயதளவில் இருக்கும். குரல் தெளிவானது, குறையுரைப்பதாக அன்றி நிலைமையைப் பகுத்தாராய்வதாக அமைந்தது. ஆகவே அக்காலத்துக்குத் தெரியாது என்பது பொய். அக்காலத்தின் ஒரு பாதி அறிந்திருந்தது, பேசவும் செய்தது. மறு பாதி செவிகொடுக்கவில்லை. 'அந்தக் காலம்' என்று நாம் கூறும்போது யாருடைய காலத்தைக் கூறுகிறோம் என்று கேட்டுக்கொள்ளல் நன்று.

நிற்க. மரியாவுக்காக வாதாடுவோரிலும் ஒரு சாரார் வேறொரு தவறு செய்கின்றனர். "ஒரு படம் அவர் வாழ்வையே அழித்துவிட்டது" என்று இரங்கிவிட்டு அத்தோடு முடித்துக்கொள்கின்றனர். எழுபதுகளில் அவர் போதைப் பழக்கத்துக்கு ஆளானார், உயிரை மாய்த்துக்கொள்ளவும் முயன்றார் என்பவை உண்மை. ஆனால் எண்பதுகளின் தொடக்கத்தில் அவர் அதிலிருந்து மீண்டார் என்பதும் உண்மை. 1969 முதல் 2008 வரை ஏறத்தாழ நாற்பது ஆண்டுகள் அவர் தொழில் செய்தார். அந்த நாற்பது ஆண்டுகளை ஒரு காட்சிக்குள் புதைப்பது, அன்று நெறியாளர் செய்ததையே இரக்கத்தின் பெயரால் மீண்டும் செய்வதாகும். கொடுமைக்கு ஆளானவர் என்று மட்டும் ஒருவரை நினைவுகூர்வது அவர் உழைத்தார் என்பதை மறைத்துவிடும்.

1975இல் வெளிவந்த அந்தோனியோனியின் 'தி பாசஞ்சர்' அவர் தாமே விரும்பிப் பேசிய படம். அதில் ஜக் நிக்கல்சனுடன் அவர் காட்டும் அமைதியான, தன்னம்பிக்கை மிக்க நடிப்பைக் காண்போர், 'டாங்கோ'விலே எத்தகைய கலைஞர் வீணடிக்கப்பட்டார் என்பதை உணர்வர். 1979இல் வந்த 'லா தெரோபாத்', விலைமாதரின் வாழ்வைப் பற்றியது. அதில் நடித்தமைக்காக அவர் பிரான்சின் சேசார் பரிசுக்குத் துணைநடிகையர் பிரிவிற் பரிந்துரைக்கப்பட்டார். அதே ஆண்டு நெதர்லாந்தின் பெண் நெறியாளர் நவுஷ்கா வான் பிராக்கெலின் 'ஏவாளைப் போன்ற ஒரு பெண்' என்னும் படத்தில், மணமான பெண்ணொருத்தி காதல் கொள்ளும் மற்றொரு பெண்ணாக, எவ்விதக் கேலிக்கும் இடந்தராத கண்ணியத்தோடு நடித்தார். ஜாக் ரிவெத்தின் படமொன்றிலும் அவர் உண்டு. 1992இல் மெதி ஷரேப் நெறியாண்ட 'ஜூலியெத்களின் நாட்டில்' என்ற படத்தில், ஒருநாள் விடுப்பில் வெளிவரும் மூன்று பெண் சிறைக்கைதிகளில் ஒருவராகத் தோன்றினார். அப்படம் கான் விழாப் போட்டியில் இடம்பெற்றது.

அவர் கைவிட்ட படங்களும் அவருடைய தொழில் வரலாற்றின் பகுதியே. 'கலிகுலா'வில் நடிக்க ஒப்பந்தமாகி, படப்பிடிப்பின்போதே விலகினார். புனுவெலின் 1977ஆம் ஆண்டுப் படமொன்றில் தொடக்கத்தில் நடித்தவர் அவரே. நெறியாளரோடு ஒத்துவராமல் அவர் நீங்கியபின், ஒரே பாத்திரத்துக்கு இரு நடிகையரை அமர்த்திப் படம் முடிக்கப்பட்டது. இவற்றைக் கொண்டு அவரைக் 'கட்டுக்கடங்காதவர்' என்றும் 'நம்பத்தகாதவர்' என்றும் திரையுலகம் முத்திரை குத்தியது. போதைப் பழக்கம் அவருடைய வேலையைப் பாதித்தது என்பதை நான் மறுக்கவில்லை. ஆயினும் தொழிலாளி சொன்னதைச் செய்யும்வரை திறமைசாலி, மறுத்தவுடன் குழப்பக்காரன் என்பது எந்தத் தோட்டத்துத் துரையும் அறிந்த பழைய தந்திரம். 1996இல் செபிரெல்லி ஆக்கிய 'ஜேன் அயர்' படத்தில் அவருக்குக் கிடைத்த வேடம் எது தெரியுமா? மாடியறையிலே பூட்டி வைக்கப்பட்ட பைத்தியக்கார மனைவியின் வேடம். இருபதாண்டுக்கு முன் செய்ரிக்கின் கருவிக்கு முன்னே எதனைப் பற்றி முறையிட்டாரோ அதுவே அவரை மீண்டும் தேடி வந்தது.

பிற்காலத்தில் அவர், வறுமையுற்ற முதிய கலைஞர்களுக்கு உதவும் 'லா ரூ தூர்ன்' என்ற சங்கத்திற் பொறுப்பேற்றுப் பணியாற்றினார். தனித்து நின்றமையாலே தோற்ற ஒருவர், பிறர் தனித்து நிற்காதிருக்க உழைத்தார் என்பதை நமது வாசகர்கள் கவனிக்க வேண்டும். 2010இல் பிரெஞ்சு அரசு அவருக்குக் கலை இலக்கிய விருது வழங்கியது. 2011 பெப்ரவரி 3ஆம் நாள், ஐம்பத்தெட்டாவது வயதில், புற்றுநோயால் அவர் காலமானார். செய்தி கேட்ட பெர்ட்டொலுச்சி, அவரிடம் மன்னிப்புக் கேட்க விரும்பியதாகவும் அதற்குள் மரணம் முந்திக்கொண்டதாகவும் கூறினார். இடையிலே கழிந்தவை முப்பத்தொன்பது ஆண்டுகள். அவ்வளவு காலம் போதாமற் போன மன்னிப்பைப் பற்றி மேலும் கூற எதுவுமில்லை.

காலம் இப்போது மெல்ல அசைகிறது. பெர்ட்டொலுச்சியின் படமொன்றில் இளவயதிற் பணிபுரிந்த ஜெசிக்கா பலூத் என்னும் பெண், மரியாவின் வாழ்வைத் திரைப்படமாக்கினார். 2024இல் கான் விழாவில் அது காட்டப்பட்டது. அதே ஆண்டு டிசெம்பரில் பாரிஸ் சினிமாதெக், பிரண்டோ நினைவுத் தொடரில் 'டாங்கோ'வைத் திரையிட முனைந்தபோது, உண்மையை உரிய முறையில் எடுத்துரைக்காமல் அதனைக் காட்டுவதா என்று எதிர்ப்பு எழுந்தது; திரையிடல் கைவிடப்பட்டது. 2025 ஏப்ரலில் பிரெஞ்சு பாராளுமன்ற விசாரணைக் குழு, சினிமா முதலிய துறைகளில் நிகழும் வன்முறை பற்றிய அறிக்கையை வெளியிட்டது. நெருக்கமான காட்சிகளின் விவரங்களை முன்கூட்டியே எழுத்தில் ஒப்புக்கொள்வதும், அவற்றை நெறிப்படுத்தத் தனியொருவரை அமர்த்துவதும் பல நாடுகளில் வழக்கமாகி வருகின்றன. இவற்றைக் கலைக்கு இடப்பட்ட விலங்கு என்று புலம்புவோர் உளர். எட்டு மணி நேர வேலைச் சட்டம் வந்தபோதும் தொழில் அழிந்துவிடும் என்று முதலாளிகள் புலம்பினர். தொழில் அழியவில்லை, தொழிலாளி சிறிது மூச்சுவிட்டான்.

ஆகவே நமது நிலை யாது? படத்தைக் கொளுத்த வேண்டியதில்லை, மறைக்கவும் வேண்டியதில்லை. 'நொவெச்சென்தோ'வை நான் மீண்டும் பார்ப்பேன். அவ்விவசாயிகளின் வரலாறு நெறியாளரின் சொத்தன்று. ஆனால் எந்தப் படைப்பைப் பற்றிப் பேசினாலும் அதன் உள்ளடக்கம் முற்போக்கானதா என்பதோடு நின்றுவிடாமல், அது எவ்வாறு உற்பத்தி செய்யப்பட்டது, யார் உழைத்தார், யார் இசைந்தார், யார் இசையவில்லை என்ற கேள்விகளையும் சேர்த்தே கேட்க வேண்டும். பொருள்முதல்வாதிக்கு இது புதிய கடமையன்று. பழைய கடமையைக் கலையின் வாயிலிலும் மறவாதிருத்தல் மட்டுமே. இலக்கியமும் சினிமாவும் கற்பிக்கும் ஆசிரியர்களாகிய நமக்கு இது இருமடங்கு கடமை. வகுப்பறையிலே ஒரு மாணவி எழுப்பும் இத்தகைய வினாவுக்கு நாம் அளிக்கும் விடையே, நாளை அவர் தம் வேலைத்தளத்தில் வாய் திறப்பாரா, மூடிக்கொள்வாரா என்பதைத் தீர்மானிக்கும்.

'தி பாசஞ்சர்' படத்தில் மரியா ஏற்ற பாத்திரத்துக்குப் பெயரே இல்லை. 'பெண்' என்று மட்டும் குறிக்கப்பட்டது. படத்தின் இறுதியில், இறந்து கிடக்கும் மனிதனைத் தெரியுமா என்று பொலிசார் கேட்கும்போது, அவனுடைய மனைவி தனக்கு அவனைத் தெரிந்ததே இல்லை என்கிறாள். பெயரற்ற அந்தப் பெண் மட்டும், தெரியும் என்கிறாள். அடுத்த முறை நண்பர்கள் கூடும்போது அப்படத்தையே பார்ப்போம் என்று கேட்டிருக்கிறேன். முதலிற் பேசும்படி அந்த மாணவியையே அழைத்திருக்கிறேன்.